மதிப்பெண் இல்லாத காணொளி

"இந்தக் காணொளியில் என்ன பார்த்தாய்?" தமிழ் வாய்மொழித் தேர்வுக்குப் போய்வந்த எல்லாருக்கும் இந்தக் கேள்வி நினைவிருக்கும். மதிப்பெண்ணுக்காக, திரையின் ஓரத்தில் நிற்கும் மூதாட்டியைக்கூட விடாமல் கவனித்தோம். தேர்வு முடிந்ததும் அந்தப் பழக்கமும் போய்விட்டது.

பல்கலைக்கழகத்துக்கு எம்ஆர்டியில் போகும்போது, சிறிது நேரமாவது கைப்பேசியைப் பையில் போட்டுவிடுகிறேன். ஒருநாள் காலை, எதிரே அமர்ந்திருந்த தாய் தம் மகளின் உள்ளங்கையில் விரலால் 'ழ' எழுதிக் காட்டிக்கொண்டிருந்தார். பள்ளியில் அன்று சொல்வதெழுதுதல் போலும். வீடுகளில் தமிழ் குறைகிறது என்று மேடைகளில் அடிக்கடி கேட்கிறேன். அது எங்கே, எப்படி வாழ்கிறது என்பதை அன்றுதான் பார்த்தேன்.

ஞாயிறு மாலை தேக்கா பக்கம் போய்ப் பாருங்கள். நடைபாதை ஓரம் ஒருவர் கைப்பேசித் திரையில் தெரியும் குழந்தையிடம், "சாப்பிட்டியா?" என்று கேட்டுக்கொண்டிருப்பார். கட்டுரைகளில் 'வெளிநாட்டு ஊழியர்' என்று எளிதாக எழுதிவிடுகிறோம். அந்தச் சொல்லுக்குள் ஒரு தந்தை இருப்பது பார்த்தால்தான் தெரியும்.

நமது உணவங்காடிக் கலாசாரம் 2020ஆம் ஆண்டு யுனெஸ்கோவின் மரபுடைமைப் பட்டியலில் இடம்பெற்றது. சாப்பிட்ட தட்டைத் திருப்பி வைக்கவேண்டும் என்ற விதி 2021 செப்டம்பரில் உணவங்காடி நிலையங்களில் நடைமுறைக்கு வந்தது. நாமும் வைக்கிறோம். ஆனால் அந்தத் தட்டுகளை அடுக்கும் முதியவரின் முகத்தைப் பார்க்கிறோமா? சட்டம் தட்டைத் திருப்பி வைக்கச் சொல்லும். அவருக்கு நன்றி சொல்லச் சொல்லாது.

வகுப்பும் பகுதிநேர வேலையும் முடித்துக் களைத்துத் திரும்பும் நண்பர்கள் கைப்பேசியில் மூழ்குவதை நான் குறைசொல்லவில்லை. முன்பின் தெரியாதவர்களை உற்றுப் பார்க்கவும் சொல்லவில்லை. அவர்களைப் படமெடுத்துச் சமூக ஊடகத்தில் போடுவது கவனிப்பு ஆகாது, அது அத்துமீறல்.

பாதிப் பயணம் கைப்பேசிக்கு, மீதிப் பயணம் நகரத்துக்கு என்று பிரித்துக்கொள்வோம். பார்த்ததில் ஒன்றை இரவில் தமிழில் இரண்டு வரி எழுதிவைப்போம். சொல்வளமும் தானாகக் கூடும்.

முதியோர், ஊழியர், தாய்மொழி பற்றியெல்லாம் நாளை முடிவெடுக்கும் இடத்தில் நம் தலைமுறைதான் இருக்கும். நாம் ஒருநாளும் நிமிர்ந்து பார்க்காத மனிதர்களுக்காக நம்மால் எப்படி நல்ல முடிவெடுக்க முடியும்?