கொட்டகை ஒருவருடையது, கோழி இன்னொருவருடையது

பல ஆண்டுகளுக்கு முன்பு என்னிடம் பொருளியல் பயின்ற மாணவர் ஒருவர் பல்லடம் அருகே கறிக்கோழிப் பண்ணை வைத்திருக்கிறார். அண்மையில் சந்தித்தபோது, மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் இசைவாணைக்கு விண்ணப்பிப்பது குறித்துப் பேசினார். "குஞ்சு என்னுடையது இல்லை ஐயா, தீவனமும் என்னுடையது இல்லை. எரு மட்டும்தான் என்னுடையது. இசைவாணை மட்டும் ஏன் என் பெயரில்?" என்று கேட்டார். என்னால் உடனே விடை சொல்ல இயலவில்லை.

கோழி வளர்ப்பு நெடுங்காலம் வேளாண்மையின் கிளைத்தொழிலாகவே கருதப்பட்டது. 2006-ஆம் ஆண்டின் சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிவிக்கையின் பட்டியலில் அதற்கு இடமில்லை. ஒரு லட்சத்துக்கும் குறைவான கோழிகளைக் கொண்ட பண்ணைகளுக்கு, நீர் மற்றும் காற்று மாசுத் தடுப்புச் சட்டங்களின் கீழான இசைவிலிருந்தும் விலக்கு இருந்தது. அந்த விலக்கை மறுபரிசீலனை செய்யுமாறு 2020-இல் தேசிய பசுமைத் தீர்ப்பாயம் உத்தரவிட்டது. அதைத் தொடர்ந்து 2021-இல் மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் வெளியிட்ட நெறிமுறைகள், 5,000 கோழிகளுக்கு மேற்பட்ட பண்ணைகளையும் கணக்கில் கொண்டன. புதிய பண்ணை குடியிருப்பிலிருந்து 500 மீட்டரும், ஆறு, ஏரி, குடிநீர்க் கிணறு ஆகியவற்றிலிருந்து 100 மீட்டரும் தள்ளி அமைய வேண்டும் என்பது அவற்றுள் முக்கியமானது.

இந்தக் கட்டுப்பாடு தேவையற்றது என்று சொல்ல முடியாது. ஒரு முட்டைக்கோழி நாளொன்றுக்கு ஏறத்தாழ 100 கிராம் எச்சமிடுகிறது. 25,000 கோழிகள் என்றால் நாள்தோறும் இரண்டரை டன். உலர்ந்தால் அது நல்ல எரு. ஈரம் பட்டால் ஈக்களின் பிறப்பிடம். மழைக்காலத்தில் பண்ணையை ஒட்டிய வீடுகளில் சோற்றுத் தட்டை மூடாமல் வைக்க முடியாது. அமோனியா நெடி காற்றில் கலக்கிறது; முறையாகக் கையாளப்படாத எச்சத்திலிருந்து நைட்ரேட் கிணற்று நீரில் இறங்குகிறது. விற்பனை விலையில் சேராமல் அண்டை வீட்டார் தலையில் விழும் இத்தகைய செலவைப் பற்றி, ஆர்தர் பிகு என்ற பொருளியல் அறிஞர் 1920-இலேயே எழுதிவிட்டார்.

ஆயினும், இன்றைய இசைவு முறையில் இரண்டு குறைகளைக் காண்கிறேன். முதலாவது, அது ஒவ்வொரு பண்ணையையும் தனித்தனியாக எண்ணுகிறது. ஒரே ஊரில் 4,900 கோழிகள் கொண்ட பத்துக் கொட்டகைகள் இருந்தால், சட்டத்தின் கணக்கில் அங்கே பத்துச் சிறு வளர்ப்பாளர்கள்தாம் இருக்கிறார்கள். அவ்வூரின் நிலத்தடி நீரோ 49,000 கோழிகளின் சுமையைத் தாங்குகிறது. வரம்பு எண்ணிக்கையில் மட்டும் இருந்தால், பண்ணையை அண்ணன் தம்பி பெயரில் பிரித்து எழுதுவதும் எளிது.

இரண்டாவது குறை, என் மாணவரின் கேள்வியில் இருக்கிறது. நாமக்கல்லின் முட்டைப் பண்ணைகளில் கோழியும் கொட்டகையும் பெரும்பாலும் ஒருவருக்கே உரியவை. கறிக்கோழி ஒப்பந்த முறை அப்படியன்று. குஞ்சு, தீவனம், மருந்து ஆகியவற்றை நிறுவனம் தருகிறது. வளர்ந்த கோழியை அதுவே எடுத்துச் செல்கிறது. விவசாயி கடன் வாங்கிக் கொட்டகை கட்டி, மின்கட்டணமும் ஆட்கூலியும் செலுத்தி, எடைக்கேற்ற வளர்ப்புக் கூலியைப் பெறுகிறார். அந்தக் கூலியை உயர்த்தக் கோரி விவசாயிகள் போராடிய வரலாறும் உண்டு. எத்தனை குஞ்சுகளை, எப்போது இறக்குவது என்று முடிவு செய்வது நிறுவனம். ஆனால், அதிகாரிகள் ஆய்வுக்கு வரும்போது பதில் சொல்ல வேண்டியவர் விவசாயி.

மாசுபடுத்தியவரே இழப்பீடு தர வேண்டும் என்ற கோட்பாட்டை உச்ச நீதிமன்றம் 1996-இல் வேலூர் மாவட்டத் தோல் பதனிடும் ஆலைகள் தொடர்பான வழக்கில் உறுதி செய்தது. நம் மாநிலத்து வழக்கில் நிலைபெற்ற அக்கோட்பாட்டைக் கோழிக் கொட்டகைக்குப் பொருத்தும்போது, மாசுபடுத்துபவர் யார் என்ற வினாவை நாம் தவிர்க்க முடியாது.

கட்டுப்பாடுகளை இறுக்கினால் கறியும் முட்டையும் விலை உயரும், ஏழைகளின் புரதம் குறையும் என்பார்கள். கவலை நியாயமானதே; சத்துணவில் முட்டை வழங்கும் மாநிலம் இது. ஆனால், இன்றைய மலிவு விலையின் ஒரு பகுதியைப் பண்ணையருகே வாழும் குடும்பங்கள் ஏற்கெனவே செலுத்திக்கொண்டிருக்கின்றன. அவர்களும் ஏழைகள்தாம்.

ஆகவே, மூன்று மாற்றங்கள் தேவை. ஒப்பந்தப் பண்ணைகளுக்கான இசைவாணையில் நிறுவனமும் கூட்டுப் பொறுப்பாளராக வேண்டும். இசைவு வழங்குமுன் அந்த ஊரில் ஏற்கெனவே உள்ள மொத்தக் கோழிகளின் எண்ணிக்கையையும் கிணற்று நீரின் தரத்தையும் பார்க்க வேண்டும். எருவை மழையில் நனையாமல் சேமிக்கும் கூரைக் கிடங்குக்கான செலவில் நிறுவனம் பங்கேற்க வேண்டும்.

என் மாணவர் இசைவாணைக்கு விண்ணப்பிக்கத்தான் வேண்டும். அவரிடமும் அதையே சொன்னேன். ஆனால், அந்த விண்ணப்பத்தில் அவருடைய கையொப்பத்துக்குக் கீழே, கோழியின் உரிமையாளர் கையொப்பமிடவும் ஓர் இடம் இருக்க வேண்டும்.