அரைப்பேருக்கு எத்தனை ஆயிரம்?

மலையகத்தில் தேர்தல் வந்தாலும் தீபாவளி வந்தாலும் மே தினம் வந்தாலும் மேடையில் ஏறுவது ஒரே ஓர் எண்தான். ஒரு காலத்தில் 1000 ரூபா, பிறகு 1700, இப்போது 1750. எண் ஏறுகிறது, அதன் பின்னால் நிற்கிற நம்பிக்கை மட்டும் அப்படியே இருக்கிறது. தோட்டத் தொழிலாளரின் நாட்சம்பளத்தைச் சட்டம் போட்டு உயர்த்திவிட்டால் லயத்து வறுமை தீர்ந்துவிடுமாம். தொழிற்சங்கத் தலைவர்கள் இதைச் சொல்கிறார்கள், அமைச்சர்கள் சொல்கிறார்கள், கொழும்பிலிருந்து கரிசனையோடு வரும் நண்பர்கள் சொல்கிறார்கள், தலவாக்கலை பஸ் தரிப்பிடத்தில் நிற்கும் எங்கள் பிள்ளைகளும் சொல்கிறார்கள். எனக்கு இதில் நம்பிக்கை இல்லை. கம்பனிக்காரர்களும் இதை மறுக்கிறார்கள் என்பது தெரியும். அவர்களுடைய காரணம் வேறு, அதற்கும் பதில் வைத்திருக்கிறேன்.

இந்தத் தீவில் குறைந்தபட்சச் சம்பளச் சட்டம் முதன்முதலில் எழுதப்பட்டதே தோட்டத் தொழிலாளருக்காகத்தான். 1927 ஆம் ஆண்டின் 27 ஆம் இலக்கச் சட்டம் இந்தியத் தொழிலாளருக்கென்றே வந்தது. மலைநாட்டில் ஆணுக்கு 54 சதம், பெண்ணுக்கு 43, பிள்ளைக்கு 32 என்று விகிதம் குறித்தார்கள். முப்பதுகளின் மந்தம் வந்ததும் அந்த விகிதத்தையே வெட்டினார்கள். கொழுந்தெடுப்பதில் கைதேர்ந்த பெண்ணுக்கு ஆணைவிடக் குறைவாகக் கொடுக்கலாம் என்பதை அரை நூற்றாண்டுக்கு மேல் சட்டமே காத்து நின்றது. 1984 வேலைநிறுத்தத்துக்குப் பிறகுதான் இரண்டும் சமமாயின. இடையில் 1941 இல் சம்பள நிர்ணயச் சபைகள் வந்தன, பிற்காலத்தில் கூட்டு ஒப்பந்தங்கள் வந்தன. மற்றத் தொழில்களுக்கெல்லாம் முந்திச் சட்டப் பாதுகாப்புப் பெற்ற இந்த மக்களின் நிலை 92 வருடம் கழித்து என்ன? 2019 இல் தொகைமதிப்புப் புள்ளிவிபரத் திணைக்களம் கணக்கெடுத்தபோது நாடு முழுவதிலும் வறுமை 14.3 சதவீதம், தோட்டத்துறையில் 33.8 சதவீதம். சட்டம் முதலில் வந்த இடத்தில்தான் வறுமையும் முதலிடத்தில் இருக்கிறது.

சட்டத்தால்தான் வறுமை வந்தது என்று நான் சொல்ல வரவில்லை. சட்டம் தொடுகிற இடம் ஒன்று, வறுமை இருக்கிற இடம் இன்னொன்று. வர்த்தமானியில் அச்சாவது ஒரு நாளின் விலை. அடுப்பெரிவது மாத முடிவில் கைக்கு வரும் காசில். இரண்டுக்கும் நடுவில் தோட்ட நிர்வாகம் நிற்கிறது. மாதத்தில் எத்தனை நாள் வேலை கொடுப்பது என்பது அதன் கையில். ஒரு முழுப்பேருக்கு, அதாவது முழுநாள் சம்பளத்துக்கு, எத்தனை கிலோ கொழுந்து என்பதும் அதன் கையில். மடுவத்தில் தராசு பிடித்து, பைக்கு இவ்வளவு, ஈரத்துக்கு இவ்வளவு என்று கழிப்பதும் அதன் ஆட்கள்தான். கிலோ குறைந்தால் செக்ரோல் பதிவேட்டில் விழுவது அரைப்பேர், அதாவது அரைநாள் சம்பளம்.

கணக்கைப் போட்டுப் பாருங்கள். ஆயிரம் ரூபாச் சம்பளத்தில் ஒரு பெண்ணுக்கு 25 நாள் முழுப்பேர் விழுந்தால் 25,000 ரூபா. இன்னொருத்திக்குப் பதினைந்து நாள்தான் வேலை, அதில் ஐந்து அரைப்பேர் என்றால் 12,500 ரூபா. இரண்டு பெண்களுக்கும் சட்டப்படியான சம்பளம் ஒன்றே. ஒருத்தியின் வருமானம் மற்றவளின் வருமானத்தில் பாதி. அதிலும் சேமலாப நிதிக்கு 8 சதவீதம் போகும். பிறகு சங்கச் சந்தா, தீபாவளி முற்பணம், கோயில் காசு. மேடையில் இந்தக் கணக்கை யாரும் போட்டுக் காட்டுவதில்லை. ஆயிரம் என்று முழங்குவதற்கு இருக்கும் எடுப்பு, பதினைந்து நாள் என்பதற்கு இல்லை போலும்.

அந்த ஆயிரம் வந்த கதையைக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். 2016 கூட்டு ஒப்பந்தத்தில் 730 ரூபா என்றார்கள். அடிப்படை 500தான், மிச்சம் வரவு, உற்பத்தி, விலை என்று பெயர் சூட்டிய கொடுப்பனவுகள். 2018 ஒக்டோபரில் கொழும்பு காலிமுகத்திடலில் கறுப்புச் சட்டையோடு எங்கள் இளைஞர்கள் திரண்டு ஆயிரம் கேட்டார்கள். அந்தக் கூட்டத்தை நான் குறைத்துப் பேச மாட்டேன். மலையகப் பிள்ளைகள் தலைநகரில் தங்கள் பெயரிலேயே நின்ற நாள் அது. 2019 ஜனவரியில் கிடைத்தது அடிப்படை 700, ஆகமொத்தம் 750. 2020 மார்ச் முதல் ஆயிரம் என்று கோட்டாபய ராஜபக்சவின் அமைச்சரவை முடிவெடுத்தது; மார்ச் வந்தது, ஆயிரம் வரவில்லை. கடைசியில் 2021 மார்ச்சில் சம்பள நிர்ணயச் சபை வழியாக அடிப்படை 900உம் கொடுப்பனவு 100உம் சேர்த்து வர்த்தமானி வெளியானது. பட்டாசு கொளுத்தினோம்.

பிறகு நடந்ததுதான் பாடம். சம்பளம் சபைக்குப் போனதோடு கூட்டு ஒப்பந்தம் கைவிடப்பட்டது. அந்த ஒப்பந்தத்தில் ஆயிரம் ஓட்டைகள் இருந்தன, கையெழுத்திட்ட மூன்று தரப்புச் சங்கங்களையும் நாங்கள் திட்டாத நாளில்லை. ஆனாலும் சம்பளத்தைத் தவிர வேறு விடயங்களைப் பேசிய ஒரே காகிதம் அதுதான். அது போனதும் கம்பனிகளுக்குக் கை விடுபட்டது. பதினாறு, பதினெட்டுக் கிலோ எடுத்தால் முழுப்பேர் விழுந்த மலைகளில் இருபது கேட்டார்கள், சில இடங்களில் அதற்கு மேலும் கேட்டார்கள். வேலை நாட்கள் சுருங்கின. ஓய்வுபெற்றவர்களைக் கைக்காசுக்கு இறக்கினார்கள். அவர்களுக்குச் சேமலாப நிதி கட்டத் தேவையில்லை அல்லவா? வர்த்தமானி ஆயிரம் என்றது, எத்தனை கிலோவுக்கு என்று சொல்லவில்லை.

ஆயிரம் வந்து இரண்டு மாதம் கழித்து, 2021 மே மாதத்தில், இன்னொரு வர்த்தமானி வந்தது. இரசாயன உர இறக்குமதித் தடை. உரம் போடாத செடி போதிய கொழுந்து விடாது என்பதைத் தலவாக்கலை சென் கூம்ஸ் தோட்டத்திலுள்ள தேயிலை ஆராய்ச்சி நிறுவகத்திடம் கேட்டிருந்தால் அரை மணி நேரத்தில் சொல்லியிருப்பார்கள். 2021 இல் ஏறத்தாழ 30 கோடி கிலோவாக இருந்த நாட்டின் தேயிலை உற்பத்தி 2022 இல் 25 கோடியளவுக்கு விழுந்தது. செடியில் கொழுந்து குறைந்தது, தராசில் கேட்ட கிலோ ஏறியது. ஒரே அரசாங்கம் ஒரு கையால் சம்பளத்தை உயர்த்தி மறு கையால் அதை எட்டமுடியாத உயரத்தில் கொண்டுபோய் வைத்தது. அதன்பிறகு ரூபா சரிந்தது. 2022 செப்டெம்பரில் கொழும்புப் பணவீக்கம் 70 சதவீதத்தைத் தொட்டது, உணவுப் பொருட்களின் விலை 95 சதவீதம் அளவுக்கு ஏறியிருந்தது. கோதுமை மாவை நம்பி வாழ்கிற லயங்களில் இதற்கு என்ன பொருள் என்று விளக்கத் தேவையில்லை. ஆயிரம் ரூபாவோ மூன்று வருடம் அசையாமல் நின்றது.

இந்த இடத்தில் கம்பனிக்காரர்கள் குறுக்கிட்டு, "இதைத்தானே நாங்களும் சொன்னோம், சம்பளத்தைச் சட்டத்தால் ஏற்றினால் வேலை குறையும்" என்பார்கள். அது அரைப் பாடம். தொழிலாளி பத்து முதலாளிகளில் ஒருவரைத் தேர்ந்தெடுக்கக்கூடிய சந்தைக்கு எழுதிய பாடம் அது. தோட்டத்தில் வேலை கொடுப்பவரும் வீட்டுக்குச் சொந்தக்காரரும் ஒருவரே. வேலையை விட்டால் லயத்துக் காம்பராவும் கேள்விக்குறி. உழைப்பை வாங்குபவர் ஒருவராக இருக்கும் சந்தையில் கூலி அதன் நியாயமான மட்டத்துக்குக் கீழேயே கிடக்கும் என்பதைப் பொருளியலாளர் ஜோன் ரொபின்சன் 1933 இலேயே எழுதிவிட்டார். அமெரிக்காவில் நியூ ஜேர்சி மாநிலம் 1992 இல் குறைந்தபட்சக் கூலியை உயர்த்தியபோது துரித உணவுக் கடைகளில் வேலை குறையவில்லை என்று பொருளியலாளர்கள் டேவிட் கார்டும் அலன் குரூகரும் காட்டினார்கள்; கார்டுக்கு 2021 இல் நோபல் பரிசும் கிடைத்தது. ஆகவே சம்பளம் ஏறினால் வேலை போகும் என்பது இயற்கை விதி ஒன்றும் அல்ல.

ஆனால் நியூ ஜேர்சியைக் காட்டி நம் பக்கத்தவர்கள் துள்ளவும் வேண்டாம். அங்கே கூலி மணித்தியாலத்துக்கு. ஒரு மணித்தியாலத்தை முதலாளி நினைத்தாலும் எழுபது நிமிடமாக இழுக்க முடியாது. இங்கே நாட்சம்பளம் என்று பெயர் சொல்லிக் கிலோவுக்குக் கூலி கொடுக்கிறார்கள், கிலோவை இழுக்கலாம். கேரளத்து மூணாறுத் தேயிலைத் தோட்டங்களில் நடந்ததும் இதுதான். 2015 செப்டெம்பரில் பெரும்பாலும் தமிழ்ப் பெண்களான கொழுந்தெடுப்போர் பொம்பிளை ஒருமை என்று சேர்ந்து, சங்கத் தலைவர்களை ஒதுக்கி வைத்துவிட்டுத் தெருவில் உட்கார்ந்தார்கள். 232 ரூபாயாக இருந்த நாட்கூலியை 500 ஆக்கச் சொன்னார்கள். உடன்பாட்டில் கிடைத்தது 301. அதே உடன்பாட்டில் எடுக்க வேண்டிய கொழுந்து 21 கிலோவிலிருந்து 25 ஆனது. அவர்களுடைய துணிச்சலுக்கு முன் நான் யாருமில்லை. ஆனால் அந்த நான்கு கிலோவையும் சேர்த்துத்தான் வெற்றியை நிறுக்க வேண்டும்.

அப்படியானால், தலவாக்கலையைச் சுற்றி எந்தக் குடும்பங்கள் நிமிர்ந்திருக்கின்றன? ஆசிரியர் நியமனம் கிடைத்த வீடு. கொழும்புக் கடையிலோ மத்திய கிழக்கு வீடொன்றிலோ பிள்ளை உழைத்து அனுப்பிய வீடு. மத்தியானத்தோடு வேலை முடித்து லயத்துக்குப் பின்னால் லீக்ஸும் கரட்டும் போட ஒரு துண்டு நிலம் பிடித்துக்கொண்ட வீடு. தோட்டங்கள் தனியார்மயமான 1992 இல் மூன்று லட்சத்துக்கு மேல் இருந்த தோட்டத் தொழிலாளர் தொகை இன்று பாதிக்கும் கீழே. ஒவ்வொரு சம்பள உயர்வுக்குப் பிறகும் பிள்ளைகள் வெளியேறுவது நிற்கவில்லை என்றால், மேடைக்காரர்களைவிட அவர்கள் கணக்கில் கெட்டி என்றுதான் எடுத்துக்கொள்ள வேண்டும்.

நிலத்தைப் பற்றிப் பேசாமல் இதை முடிக்க முடியாது. இன்று இலங்கைத் தேயிலையில் பெரும்பகுதி கம்பனித் தோட்டங்களிலிருந்து வருவதில்லை; காலி, மாத்தறை, இரத்தினபுரிப் பக்கத்துச் சிற்றுடைமையாளர்களின் கொழுந்திலிருந்து வருகிறது. விற்பனை வருமானத்தில் நூற்றுக்கு 68 பங்கு கொழுந்து கொடுத்தவருக்கு, 32 பங்கு தொழிற்சாலைக்கு என்று அவர்களுக்கு அரசாங்கம் ஒரு சூத்திரமே வைத்திருக்கிறது. உரமும் கூலியும் அவர்கள் தலையில்தான், அதையும் சொல்ல வேண்டும். ஆனாலும் சந்தை ஏறும்போது அவர்களுக்கும் ஏறும். ஒன்றரை நூற்றாண்டாக இந்த மலைகளைப் பசுமையாக வைத்திருப்பவருக்கு அப்படி ஒரு பங்கை எந்தச் சட்டமும் எழுதவில்லை. இப்போது கம்பனிகள் செடிகளைக் குடும்பங்களுக்குப் பிரித்துக் கொடுத்துக் கிலோவுக்கு விலை தரும் முறையைப் பேசுகின்றன. நிலத்தில் உரிமையும் சேமலாப நிதியும் இல்லாமல் அதை ஏற்றால் நட்டத்தில் மட்டும்தான் நாங்கள் பங்காளிகள். பழைய விதைத் தேயிலையைப் பிடுங்கி மறுநடுகை செய்வதில் கம்பனிகள் ஏன் தயங்குகின்றன என்பதும் இதோடு ஒட்டியதே. தோட்ட நிலத்துக்கான அவர்களுடைய குத்தகை 2045 இல் முடிகிறது. இன்று நடும் செடியின் நடுவயதுப் பலன் யாருக்கு என்று அவர்களும் யோசிப்பார்கள்தானே.

2024 மே தினத்தன்று அப்போதைய ஜனாதிபதி ரணில் விக்கிரமசிங்க கொட்டகலையில் 1700 அறிவித்தார். ஜூலையில் உயர் நீதிமன்றம் அதற்கு இடைக்காலத் தடை விதித்தது. அந்த வருட ஜனாதிபதித் தேர்தலை ஒட்டி 1350 ரூபா அடிப்படையாக நிலைபெற்றது. 2025 நவம்பர் வரவுசெலவுத் திட்டத்தில் ஜனாதிபதி அநுர குமார திசாநாயக்க அடிப்படையை 1550 ஆக்கி, வரவுக்கென்று 200 ரூபாவைத் திறைசேரியிலிருந்து தருவதாக அறிவித்தார். கம்பனி கொடுக்க வேண்டிய கூலியில் ஒரு பகுதியைப் பொதுமக்களின் வரிப்பணம் கொடுப்பது என்றானது. அந்த 200உம் வேலைக்கு வந்த நாளுக்குத்தான். வேலை கொடுக்கப்படாத நாளுக்குக் கிடையாது.

அடுத்த பேச்சுவார்த்தைக்குப் போகிறவர்கள் ரூபாவைக் கடைசியில் பேசட்டும். மாதத்துக்குக் குறைந்தது இத்தனை நாள் வேலை, கொடுக்காவிட்டால் அந்த நாட்களுக்கும் இத்தனை ரூபா என்று முதலில் வர்த்தமானியில் ஏறட்டும். விதைத் தேயிலை மலைக்கும் வெட்டுத்துண்டிலிருந்து வளர்த்த வீபி மலைக்கும் மழை மாதத்துக்கும் வரட்சி மாதத்துக்கும் தனித்தனிக் கிலோ ஆராய்ச்சி நிறுவகத்தின் தரவை வைத்து எழுதப்படட்டும். தராசுப் பக்கத்தில் தொழிலாளர் தெரிவுசெய்த ஒருவர் நிற்கட்டும். 2045 குத்தகையைப் பற்றிய பேச்சு அதற்கு வெகு முன்பே திறைசேரியிலும் கம்பனிப் பணிப்பாளர் சபைகளிலும் தொடங்கிவிடும். அதில் தொழிலாளிக்கும் ஓர் இடம் வேண்டும் என்று கேட்க இன்னும் இருபது வருடம்கூட மிச்சமில்லை.