அழுகுரலைக் கேட்டோமா?

1960 ஏப்ரல் முதல் நாள் திருத்தணி தமிழகத்தோடு இணைந்தது. மண்ணைக் கேட்டுப் போராடினோம், பெற்றோம். அம்மண்ணில் எழுகின்ற அழுகுரலைக் கேட்டோமா?

தணிகையை உள்ளிட்ட தொண்டை மண்டலத்துச் சிற்றூர்களில், கருமாதி இரவில் ‘கர்ண மோட்சம்’ கூத்து நடத்துவது வழக்கம். களம் புகுமுன் கர்ணன் விடைபெறுகின்றான். பிறப்பைச் சொல்லி அவனை இகழ்ந்த பொன்னுருவியே புலம்புகின்றாள். (இகழும்போது இனித்த குலப்பெருமை, இழக்கும்போது எங்கே போயிற்றோ!) களரியில் அழுபவன் பெண் வேடமிட்ட ஆடவன். எதிரே தரையில் அமர்ந்து அழுபவளோ, கணவனை மெய்யாகவே இழந்தவள். அவள் கட்டிப் பாடிய ஒப்பாரியை ஏட்டில் எழுதியவர் யார்?

தணிகை முருகனுக்காக ஏங்கும் தலைவியின் பிரிவுத்துயரை அருணகிரியார் பாடினார். அது நமக்குக் கிடைத்தது எவ்வாறு? வ. த. சுப்பிரமணிய பிள்ளை என்னும் முன்சீப், சுவடிகளைத் தேடித் திரட்டி, 1894இல் திருப்புகழின் முதற்பகுதியை அச்சேற்றினார். தேடினார், கிடைத்தது!

ஒப்பாரி இலக்கியமா என்று புலவர் சிலர் முகம் சுளிக்கின்றனர். ‘கையறுநிலை’ என்றால் மட்டும் கைகூப்புகின்றனர். பறம்பை இழந்து பாரி மகளிர் அழுததற்கு வேறென்ன பெயர்?

பல்கலைக்கழகங்கள் ஒலிப்பதிவுக் கருவியோடு மாணவர் இருவரை இவ்வூர்களுக்கு அனுப்பட்டும். பாடத் தெரிந்த பாட்டிமார் எழுபதைக் கடந்துவிட்டனர்.