பொறுக்குகிறவர்களின் முகம்

'பொறுக்கி' என்றால் நம் தமிழில் வசவு. அறுப்பு முடிந்த வயலில் சிந்திக் கிடந்த கதிரைப் பொறுக்கி உலை வைத்தவர்கள் யார்? எலி வளையைத் தோண்டி நெல் எடுத்தவர்கள் யார்? பசித்தவன் செய்த வேலையின் பெயரையே அவனைத் திட்டுகிற சொல்லாக்கி வைத்திருக்கிறது இந்தச் சமூகம். களத்து நெல்லை மொத்தமா அள்ளிக்கிட்டுப் போனவனுக்கு 'அள்ளி' என்று ஒரு வசவு உண்டா?

2000இல் வந்த ஒரு பிரெஞ்சு ஆவணப்படம் இந்தச் சொல்லைத் தலைப்பிலேயே வைத்துக்கொண்டது. எடுத்தவர் ஆன்யெஸ் வார்தா (1928-2019). எழுபதைத் தொட்ட வயதில், கையடக்க டிஜிட்டல் கேமராவைத் தூக்கிக்கொண்டு நெடுஞ்சாலைகளில் லாரிகளுக்கு நடுவே பயணம் போய், பொறுக்கி வாழ்கிறவர்களைத் தேடினார். அளவு பெருத்தது, வடிவம் கோணலானது என்று டன் கணக்கில் வயலில் கொட்டப்பட்ட உருளைக்கிழங்கை மூட்டை கட்டுகிறவர்கள் அதில் பேசுகிறார்கள். கறுப்பு அங்கி போட்ட ஒரு வழக்கறிஞர் வயலுக்கு நடுவே நின்று சட்டம் படிக்கிறார்: அறுவடைக்குப் பிறகு, சூரிய உதயத்திலிருந்து அஸ்தமனம் வரை பொறுக்கலாம். 1554ஆம் ஆண்டு அரச ஆணையே அதைச் சொல்லியிருக்கிறது. அங்கே அது உரிமை. இங்கே நம் கிழவிகளுக்கு அது பண்ணையார் போட்ட பிச்சை.

பாரிசில் சந்தை முடிந்த தெருவில் ஒருவர் கீரையும் பழமும் பொறுக்கி அங்கேயே நின்று தின்கிறார். அவரைப் பலமுறை பார்த்த பிறகுதான் வார்தா பேச்சுக் கொடுக்கிறார். உயிரியலில் முதுகலை படித்தவராம். ராத்திரியில் மாலி, செனகலிலிருந்து வந்த தொழிலாளிகளுக்குச் சம்பளமில்லாமல் எழுத்துச் சொல்லித் தருகிறார். முதல் நாளே கேமராவை நீட்டியிருந்தால் குப்பை தின்கிற மனிதன் மட்டுமே கிடைத்திருப்பான்.

நம் ஊரில் வண்டி ஏறிப் படம் எடுக்கப் போகிறவர்களைப் பாருங்கள். டீக்கடைப் பாட்டி, ஆடு மேய்க்கிற பெரியவர், பொக்கைவாய்ச் சிரிப்பு. 'வெள்ளந்தி மனிதர்கள்' என்று ஒரு பட்டம். அந்தப் பெரியவருக்கு அந்த டீக்கடையில் எந்த டம்ளர் என்று எவனாவது கேட்டானா? கூலி என்ன, சுடுகாட்டுக்குப் பாதை இருக்கிறதா? கேட்டால் சிரிப்பு கெட்டுவிடும். நம் மாணவத் தோழர்கள் கையிலும் இப்போது கேமரா இருக்கிறது. நாமும் அந்தச் சிரிப்பைத்தான் எடுத்துக்கிட்டு வரப்போகிறோமா? எடுத்த படத்தை அந்தத் தெருவிலேயே திரை கட்டிப் போட்டுக் காட்ட நமக்குத் துணிச்சல் உண்டா?

வார்தாவிடமும் நமக்குச் சண்டை உண்டு. தானும் 'பொறுக்குகிற ஒருத்தி' என்று தலைப்பிலேயே சேர்ந்துகொள்கிறார். படத்துக்காகப் பொறுக்குவதும் வயித்துக்காகப் பொறுக்குவதும் ஒண்ணா? ஆனால் அவர் திரும்பிப் போனார். 2002இல் அதே மனிதர்களைத் தேடிப் போய் இன்னொரு படம் எடுத்தார். அதில் அந்தச் சந்தைக்காரர், வார்தா தன்னையே படம் பிடித்துக் காட்டிய பகுதிகள் தேவையில்லாதவை என்று அவர் முகத்துக்கு நேராகச் சொல்கிறார். வார்தா அதை வெட்டவில்லை.