ஓய்வு பெறாத தெய்வங்கள்

கோயில் யானை குறித்து நம்மிடையே நடக்கும் விவாதத்தில் இரண்டு தரப்புகள் உண்டு. ஒரு தரப்புக்கு அது கஜலட்சுமி; அதைக் கோயிலிலிருந்து பிரிக்கச் சொல்பவர் மரபின் எதிரி. மறுதரப்புக்கு அது ஆயுள் கைதி. சங்கிலியை அறுத்து நாளைக்கே காட்டில் விட்டுவிட வேண்டும். யானை செத்தோ, பாகனைக் கொன்றோ செய்தியாகும்போதெல்லாம் இவர்கள் ஒரு வாரம் மோதிக்கொள்கிறார்கள். பிறகு அடுத்த சாவுவரை அமைதி. இரு தரப்பும் கவனமாகத் தவிர்க்கும் சொல் ஒன்று உண்டு: வேலை. உழவு மாட்டைப்போல, செக்கு மாட்டைப்போல, பொதி சுமக்கும் கழுதையைப்போலக் கோயில் யானையும் வேலைசெய்யும் விலங்கு. இதை ஒப்புக்கொள்ள நமக்குள்ள கூச்சமே அதன் துன்பத்தில் பெரும்பங்குக்குக் காரணம் என்பேன்.

ஆசி வழங்குவது வேலையா என்று நண்பர்கள் கோபிக்கலாம். விடியற்காலையில் தீர்த்தக்குடம், கஜபூஜை, சுவாமி புறப்பாட்டுக்கு முன்னால் நடை. இவற்றுக்கிடையே மணிக்கணக்கில் கருங்கல் தளத்தில் நின்று, நீட்டப்படும் காசை வாங்கிப் பாகனிடம் கொடுத்து, குனியும் தலைகளில் தும்பிக்கையை வைத்தெடுத்தல். நாளெல்லாம் இதே அசைவு. 2023 பிப்ரவரியில் திருச்சூர் மாவட்டத்தின் இரிஞ்ஞாடப்பிள்ளி கிருஷ்ணன் கோயிலுக்கு இரும்புச் சட்டமும் ரப்பர் தோலும் கொண்ட எந்திர யானை ஒன்றைப் பீட்டா அமைப்பு வழங்கியது. பலர் சிரித்தார்கள். எனக்கு அதில் ஒரு தர்க்கம் தெரிந்தது. மோட்டார் பொருத்திய பொம்மை ஒன்று முழுதாகச் செய்து முடிக்கக்கூடியதை அருள் என்று எப்படி அழைப்பது? அது வேலைதான். தமிழக அரசே இதை அறியாமல் ஒப்புக்கொண்டும் இருக்கிறது. 2003இல் முதுமலையில் கோயில் யானைகளுக்குப் புத்துணர்வு முகாம் தொடங்கப்பட்டது. வேலையே செய்யாத ஒன்றுக்கு விடுமுறை எதற்கு?

யானையின் உழைப்பை உழைப்பாக ஏற்ற இடங்களில் அதற்கொரு கணக்கும் கூடவே வந்திருக்கிறது. அர்த்தசாஸ்திரம் கருணையின் நூலன்று. யானையை அது போர்க்கருவியாகவே பார்த்தது. அந்த நூல்தான் குட்டியையும், நோயுற்றதையும், கருவுற்ற பிடியையும், பால்கொடுக்கும் பிடியையும் பிடிக்கலாகாது என்றது. கொட்டிலில் அசுத்தம், தீனி போடாமை, வெறுந்தரையில் கிடத்துதல், அடிக்கலாகாத இடத்தில் அடித்தல், அகாலத்தில் ஏறிச்செல்லுதல் ஆகிய குற்றங்களுக்குப் பணியாளரின் படியிலும் கூலியிலும் பிடித்தம் செய்யச் சொன்னது. வரலாற்றாசிரியர் தாமஸ் டிராட்மன் 2015இல் வெளியிட்ட நூலில், போர்யானைக்கான தேவையே இந்திய அரசர்களை யானைக்காடுகளைக் காக்கவைத்தது என்று வாதிடுகிறார். கொல்லும் தொழிலுக்காக வளர்த்தவர்கள் எழுதிவைத்த விதிகள் இவை. வணங்குபவர்களாகிய நாம் எழுதிவைத்தது என்ன?

இன்னும் துலக்கமான எடுத்துக்காட்டு பர்மாவின் தேக்குக் காடுகள். அங்கே பம்பாய் பர்மா வணிகக் கழகம் யானைகளைக் கொண்டு மரம் இழுத்தது முழுக்க முழுக்க லாபத்துக்காக. காலனியச் சுரண்டலின் கோரமான அத்தியாயம் அது. அந்தக் காடுகளுக்காக ஒரு போரே நடந்தது. ஆனால் ஒவ்வொரு யானைக்கும் ஒரு பதிவேடு இருந்தது. விடுதலைக்குப் பின் அரசு மர நிறுவனமும் அதைத் தொடர்ந்தது. பதினேழு பதினெட்டு வயதில் முழு வேலை, ஐம்பதைக் கடந்த சில ஆண்டுகளில் ஓய்வு, சினைப்பட்ட யானைக்கு விடுப்பு, கோடையின் கடும் மாதங்களில் வேலைநிறுத்தம். அன்றாட வேலை முடிந்ததும் முன்னங்கால்களில் தளையிட்டு, கழுத்தில் மணி கட்டி, காட்டில் விட்டுவிடுவார்கள். இரவெல்லாம் மேய்ச்சல், மற்ற யானைகளின் துணை, அங்கே பிறந்த குட்டிகளில் பலவற்றுக்குக் காட்டுக் களிறுகளே தந்தை. காலையில் பாகன் மணியோசையைத் தேடிக் காட்டுக்குள் போவான்.

2008இல் 'சயின்ஸ்' இதழில் வந்த ஓர் ஆய்வு ஐரோப்பிய உயிர்க்காட்சி சாலைகளில் பிறந்த ஆசியப் பெண்யானைகளின் ஆயுளையும் இந்த மரம் இழுக்கும் யானைகளின் ஆயுளையும் ஒப்பிட்டது. முன்னவற்றின் இடைநிலை ஆயுள் 18.9 ஆண்டுகள், பின்னவற்றுக்கு 41.7. மருத்துவரும் நேரத்துக்கு உணவும் பார்வையாளரின் அன்பும் பெற்று, ஒரு கட்டையைக்கூட இழுக்காத யானை, காடு முழுக்கத் தேக்கு இழுத்த யானையின் ஆயுளில் பாதியைக்கூட எட்டவில்லை. உழைப்பைவிட வேகமாக யானையைக் கொல்பவை சில இருக்கின்றன: கூட்டமின்மை, நடையின்மை, மண்ணின்மை. கோயில் யானைக்கு இம்மூன்றோடு வேலையும் சேர்கிறது.

இதைப் படித்துவிட்டுப் பர்மா முகாம்களைச் சொர்க்கம் என்று நான் சொல்வதாக யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். அதே யானைகளைப் பற்றி 2018இல் வெளியான மற்றோர் ஆய்வு, காட்டில் பிடித்துப் பழக்கப்பட்டவை முகாமிலேயே பிறந்தவற்றைவிட 3 முதல் 7 ஆண்டுகள் முன்னதாக இறப்பதைக் காட்டியது. பிடிபட்ட அந்த நாட்களின் வதை உடம்பிலிருந்து கடைசிவரை நீங்குவதில்லை. ஒழிப்புவாதிகளின் வாதத்தில் எனக்கு மறுக்க முடியாத பகுதி இதுவே. ஆனால் ஏற்கெனவே நம்மிடம் வந்துவிட்ட யானையை என்ன செய்வது? முப்பது ஆண்டுகள் பாகன் கையால் கவளம் வாங்கித் தின்றதை, துண்டுதுண்டாகிவிட்ட காட்டின் விளிம்பில், ஊராரின் வாழைத்தோப்புக்கும் ரயில் தண்டவாளத்துக்கும் இடையே இறக்கிவிட்டு வருவதன் பெயர் விடுதலையன்று.

நம் ஊரிலேயே வேறொரு முன்மாதிரி இருக்கிறது. வெட்டிய தேக்கை மலையுச்சியிலிருந்து சரிவில் நழுவவிட்ட இடம் என்பதால் டாப்சிலிப் என்று பெயர் பெற்ற ஆனைமலைப் பகுதியில், கோழிக்கமுத்தி முகாமின் கும்கி கலீம் 2023 மார்ச்சில், அறுபது வயதில், வனத்துறையினரின் அணிவகுப்பு மரியாதையோடு ஓய்வு பெற்றது. தன் இனத்தையே துரத்தவும் பிடிக்கவும் பழக்கப்பட்ட யானை அது. அந்தத் தொழிலின் அறம் குறித்துத் தனியே பேச வேண்டும். ஆனால் அதற்கொரு பணிமுடிவு இருந்தது. சேலம் சுகவனேசுவரர் கோயிலின் ராஜேஸ்வரிக்கு அது இல்லை. எழ முடியாமல் வாரக்கணக்கில் கிடந்து, 2018 ஏப்ரலில் கருணைக்கொலைக்கு உயர்நீதிமன்றம் வழிவிட்ட சில நாட்களில் அது தானாகவே இறந்தது. புதுச்சேரி மணக்குள விநாயகர் கோயிலின் லட்சுமி 2022 நவம்பர் 30 காலையில் நடந்துகொண்டிருந்தபோதே சாலையில் விழுந்து இறந்தது. நகரமே அழுதது. அந்தக் கண்ணீர் உண்மையானதுதான். யானை இருந்த நாட்களில் அதனால் ஒரு மணி நேர ஓய்வையும் கூட்டித்தர முடியவில்லை.

பாகனின் கதை இதைவிட மோசம். 2021 பிப்ரவரியில் தேக்கம்பட்டி முகாமில் ஸ்ரீவில்லிபுத்தூர் கோயில் யானையைக் கட்டிவைத்து அடிக்கும் காணொளி பரவியது. அடித்தவர்கள் கைதானார்கள், நியாயம்தான். ஆனால் பெருங்கூட்டத்தின் நடுவே அத்தனை பெரிய உயிரை அசையாமல் நிறுத்திவைக்கும் பொறுப்பை ஓரிருவர் தலையில் சுமத்திய நிர்வாகத்தை எந்தக் காணொளியும் காட்டாது. அடியின் பயன் நம் தலைமேல் இதமாக வந்து இறங்கும் தும்பிக்கை. 2018 மே மாதம் சமயபுரத்தில் மசினி தன் பாகனைக் கோயிலுக்குள்ளேயே கொன்றது. 2024 நவம்பரில் திருச்செந்தூர் தெய்வானை இருவரைக் கொன்றது. இத்தகைய ஒவ்வொரு சாவின்போதும் 'மதம் பிடித்த யானை' என்ற பேச்சு எழுகிறது. இவ்விரண்டும் பெண்யானைகள், ஆசிய யானைகளில் மதம் களிறுக்கே உரியது. பொய்யென்று எளிதில் தெரியக்கூடிய இந்தச் சொல்லை நாம் விடாமல் பற்றிக்கொண்டிருப்பதற்குக் காரணம், நம்மை அது குற்றத்திலிருந்து விடுவிக்கிறது என்பதே. மசினி முதுமலைக்கே திருப்பி அனுப்பப்பட்டது. 2023இல் அங்கும் அதைப் பராமரித்தவர் ஒருவர் அதனால் உயிரிழந்தார். சில சேதங்களைக் காடும் ஆற்றுவதில்லை.

சட்டத்தைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. தமிழகத்தில் வளர்ப்பு யானைகளுக்கென 2011இல் விதிகள் வந்தன. கோயில்களோ தனியாரோ இனிப் புதிதாக யானை வாங்கக் கூடாது என்று 2023 பிப்ரவரியில் மதுரைக் கிளை சொன்னது. அதற்குச் சில மாதங்கள் முன்புதான், 2022 டிசம்பரில், நாடாளுமன்றம் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தைத் திருத்தி, 'மத அல்லது வேறெந்த நோக்கத்துக்காகவும்' யானையைக் கைமாற்ற வழி திறந்திருந்தது. வேறெந்த நோக்கத்துக்காகவும்! இத்தனை விரிந்த வாசலை ஒரு யானைக்கு இதற்குமுன் யாரும் திறந்துவிட்டதில்லை.

இலக்கிய வாசகர்களிடமும் ஒன்று கேட்க வேண்டும். ஜெயமோகனின் 'யானை டாக்டர்' 2011இல் வெளிவந்ததிலிருந்து அதை வாசித்துக் கண்கலங்காத வாசகரை நான் பார்த்ததில்லை. அக்கதையின் நாயகரான டாக்டர் கிருஷ்ணமூர்த்தி வாழ்நாளெல்லாம் செய்தது புண்ணைக் கழுவி மருந்திடும் வேலை. அவரை வணங்கிவிட்டு மறுவாரம் குழந்தையைத் தோளில் வைத்துக்கொண்டு பத்து ரூபாய் நாணயத்தோடு யானை முன் வரிசையில் நிற்கிறோம். வரிசை நீண்டால்தான் யானையின் வேலைநேரமும் நீளும்.

வேலை என்று பெயரிட்டுவிட்டால் கேள்விகள் தெளிவாகிவிடும். ஒரு நாளில் எத்தனை மணி நேரம்? காலடியில் மண்ணா, கல்லா? துணைக்கு இன்னொரு யானை உண்டா? நோய் வந்தால் விடுப்பு யார் தருவது? எந்த வயதில் ஓய்வு, எந்த முகாமில், யார் செலவில்? பாகனுக்கு என்ன சம்பளம்? கடைசியாக, இந்த யானை ஓய்வு பெற்றபின் அந்த இடத்துக்கு மற்றொன்று வராது என்ற எழுத்துபூர்வமான உறுதி. யானையில்லாமல் கோயில் எப்படி என்பவர்களுக்கு: அறநிலையத் துறையின் கீழ் நாற்பதாயிரத்துக்கும் மேற்பட்ட கோயில்கள் இருக்கின்றன. யானை உள்ளவை அவற்றில் மிகச் சில. மற்றவற்றில் புறப்பாடு நின்றுபோனதாக நான் கேள்விப்படவில்லை.