பினாயில் போதாது!

எங்கள் வீட்டுக் கொல்லைப்புறத்தில் ஒரு மாத காலமாக ஒரு வாசனை. வாசனை என்று சொல்வது மரியாதையை உத்தேசித்துத்தான். காலையில் காப்பியைக் கையில் எடுத்துக் கொண்டு கொல்லைக் கதவைத் திறந்தால், காப்பியின் மணத்தை அது தோற்கடித்துவிடும்.

நான் சும்மா இருக்கவில்லை. முதல் வாரம் ஒரு பாட்டில் பினாயில் வாங்கி ஊற்றினேன். இரண்டாவது வாரம் இரண்டு பாட்டில். மூன்றாவது வாரம் மளிகைக் கடைக்காரர் என் தலையைக் கண்டதுமே பாட்டிலை எடுத்து மேஜை மேல் வைக்க ஆரம்பித்துவிட்டார். ஊற்றிய அரை மணி நேரத்துக்குப் பினாயில் நெடி மட்டும் அடிக்கும். அதற்கப்புறம் இரண்டும் சேர்ந்து கொண்டு வீட்டுக்குள் வரும்.

இந்தச் சமயத்தில்தான் சிங்கப்பூரிலிருந்து என் மாமியார் வந்து சேர்ந்தார். இளைய பெண்ணின் பிரசவத்துக்காகப் போனவர், பேரனுக்கு மூன்று மாதம் ஆகும் வரை இருந்துவிட்டு, பெட்டி நிறையக் கோடாலித் தைலமும் கைபேசி நிறையப் புகைப்படங்களுமாகத் திரும்பியிருந்தார்.

பேரன் சிரிக்கிற படம், பேரன் அழுகிற படம், பேரன் தூங்குகிற படம் எல்லாம் முடிந்த பிறகு வேறொரு படம் வந்தது. மாமியார் ஒரு நீர்க்கரைப் படிக்கட்டில் உட்கார்ந்திருக்கிறார். பின்னால் வானளாவிய கட்டடங்கள். எதிரே தண்ணீர், அதில் ஒரு படகு.

"இது என்ன, ஏரியா?" என்று கேட்டேன்.

"ஆறு, மாப்பிள்ளை! ஊருக்கு நட்ட நடுவில் ஓடுகிற ஆறு. சாயந்திரம் ஒரு மணி நேரம் அங்கே உட்கார்ந்திருந்தேன். மூக்கைப் பொத்த வேண்டிய அவசியமே ஏற்படவில்லை" என்றார்.

கடைசி வாக்கியத்தைச் சொல்லும்போது கொல்லைப் பக்கம் ஒரு பார்வை பார்த்தார். என் மனைவி என்னைப் பார்த்தாள். நான் கூரையைப் பார்த்தேன்.

"அந்த ஊர்க்காரர்கள் பிறவியிலேயே சுத்தக்காரர்கள். நமக்கு அதெல்லாம் வராது" என்று சொல்லித் தப்பித்துக் கொள்ளப் பார்த்தேன்.

"அப்படியொன்றும் இல்லை. முன்னே அந்த ஆறும் நாறிக் கொண்டுதான் கிடந்ததாம். சின்னவள் சொன்னாள்" என்றார் மாமியார்.

உண்மைதானா என்று பார்த்துவிடலாமென்று புத்தகங்களைப் புரட்டினேன். உண்மைதான். படித்ததை நேயர்களுக்கும் சொல்ல வேண்டுமென்று தோன்றியது.

சிங்கப்பூர் ஆறு நம் காவிரியைப் போன்றதல்ல. நீளம் சுமார் 3 கிலோ மீட்டர்தான். ஆனால் 1819-ல் ராபிள்ஸ் துரை அங்கே வந்து வியாபாரத் தலம் அமைத்த நாளிலிருந்து ஊரின் பிழைப்பு அந்த ஆற்றங்கரையில்தான் நடந்தது. கப்பல்கள் கடலில் நிற்கும். தோணிகள் சாமான்களை ஏற்றிக் கொண்டு ஆற்றுக்குள் வரும். ஆரம்ப நாட்களில் அந்தத் தோணிகளை ஓட்டியவர்களில் நம் கிழக்குக் கரையிலிருந்து போன தமிழர்களும் உண்டு. ‘சூலியா’க்கள் என்று அவர்களை அழைத்தார்கள். ஆற்றுக்குப் பக்கத்தில் இன்றைக்கும் சூலியா தெரு இருக்கிறது.

நூற்றைம்பது வருஷம் பிழைப்புக் கொடுத்த ஆறு, 1970-களில் கறுத்துப் போய்க் கிடந்தது. தோணிகளின் எண்ணெயும் குப்பையும் அதில்தான் விழுந்தன. தெருவோரச் சாப்பாட்டுக் கடைகளின் எச்சிலும், கழிவு வசதி இல்லாத குடிசைகளின் அசுத்தமும் அதில்தான் போய்ச் சேர்ந்தன. பக்கத்துக் காலாங் ஆற்றுப் பகுதியில் மட்டும் 610 பன்றிப் பண்ணைகளும், சுமார் 500 வாத்துப் பண்ணைகளும் இருந்தன. அவை என்ன செய்திருக்கும் என்பதை நான் விவரிக்க வேண்டியதில்லை.

1977-ம் வருஷம் பிப்ரவரி 27-ந் தேதி. மேல் பியர்ஸ் நீர்த்தேக்கத்தின் திறப்பு விழா. அப்போது பிரதம மந்திரியாக இருந்த லீ குவான் யூ பேசினார். இந்த இரண்டு ஆறுகளையும் சுத்தம் செய்ய வேண்டும். இன்னும் பத்து வருஷத்தில் அவற்றில் மீன் பிடிக்க முடிய வேண்டும் என்றார். வெறுமனே ‘ஆவன செய்யப்படும்’ என்று சொல்லாமல் கெடு வைத்துவிட்டார்!

அந்தப் பொறுப்பு என்னிடம் வந்திருந்தால் ஒரு கப்பல் நிறையப் பினாயில் தருவித்திருப்பேன். அவர்கள் அப்படிச் செய்யவில்லை. அழுக்கு எங்கே உற்பத்தியாகிறது என்று முதலில் கணக்கெடுத்தார்கள். ஆறு ஆற்றில் அழுக்காவதில்லை. சமையலறையிலும், கொட்டிலிலும், பட்டறையிலும், நடைபாதையிலும்தான் அழுக்காகிறது. ஆகவே கரையில் செய்ய வேண்டிய வேலைகளை முதலில் எடுத்துக் கொண்டார்கள்.

சுமார் 26,000 குடும்பங்கள் குடிசைகளிலிருந்து சர்க்கார் கட்டிய அடுக்கு வீடுகளுக்குக் குடி பெயர்ந்தன. சுமார் 5,000 தெருவோரக் கடைக்காரர்கள், குழாயும் சாக்கடை இணைப்பும் உள்ள சாப்பாட்டு நிலையங்களுக்கு மாறினார்கள். வீட்டுப் பின்புறங்களில் நடந்த சின்னச் சின்னப் பட்டறைகள் வேறு இடம் போயின. 1983-ல் சுமார் 800 தோணிகள் பாசிர் பாஞ்சாங் என்ற கடற்கரைப் பகுதிக்கு அனுப்பப்பட்டன. இவ்வளவும் நடந்த பிறகுதான், ஆற்றின் அடியில் படிந்திருந்த சேற்றை வாரும் வேலை முழு மூச்சில் நடந்தது. சொன்ன கெடுப்படி 1987-ல் வேலை முடிந்தது. செலவு, நஷ்ட ஈட்டுத் தொகை நீங்கலாக, கிட்டத்தட்ட 17 கோடி சிங்கப்பூர் வெள்ளி.

அதே 1987-ல்தான் உலகத்தில் இன்னொரு காரியமும் நடந்தது. நார்வே தேசத்தின் பிரதம மந்திரியாக இருந்த குரோ ஹார்லெம் புருந்த்லாந்து என்ற அம்மையாரின் தலைமையில் ஐக்கிய நாடுகள் சபை அமைத்த கமிஷன், தன் அறிக்கையை வெளியிட்டது. ‘நிலைத்த வளர்ச்சி’ என்ற சொல் உலகமெங்கும் பரவியது அந்த அறிக்கையினால்தான். இன்றைய தேவையைப் பூர்த்தி செய்து கொள்ளும்போது நாளைய சந்ததியின் தேவைக்குக் குந்தகம் செய்யக் கூடாது என்பது அதன் சாரம். பஞ்ச காலத்திலும் விதை நெல்லில் கை வைக்காத நம் பாட்டிமார்களுக்கு இதைக் கமிஷன் வைத்துச் சொல்ல வேண்டிய அவசியம் இருந்திருக்காது.

இதையெல்லாம் நான் பெருமையாகப் படித்துக் காட்டினேன். மாமியார் வெற்றிலையை மடித்துக் கொண்டே கேட்டுக் கொண்டிருந்தவர், "அதெல்லாம் சரி, மாப்பிள்ளை. அந்தப் பன்றி வளர்த்தவன் பெண்டாட்டி பிள்ளைகளோடு எங்கே போனான்?" என்று கேட்டார்.

இந்தக் கேள்வியை நான் கேட்டிருக்க வேண்டும். கேட்கத் தோன்றவில்லை.

மறுபடியும் புரட்டினேன். கடைக்காரர்கள் பாடு மோசமில்லை. அவர்களுடைய சாப்பாட்டு நிலையக் கலாசாரத்தை 2020-ல் யுனெஸ்கோவே தன் பட்டியலில் சேர்த்துக் கொண்டது. பண்ணைக்காரர்களின் கதை வேறு. சிலர் பொங்கோல் என்ற பகுதிக்குப் போய் மறுபடி பன்றி வளர்த்தார்கள். அங்கேயும் நிலைக்கவில்லை. 1984-ல், நாட்டில் பன்றி வளர்ப்பையே படிப்படியாக நிறுத்திவிடுவது என்று சர்க்கார் முடிவு செய்தது. வயதானவர்கள் அடுக்கு வீட்டுக்குள் போய் உட்கார்ந்தார்கள். பன்றி, கோழி, வாத்து, பழ மரம், காய்கறிப் பாத்தி ஒன்றும் கூட வரவில்லை. பதினைந்து இருபது வருஷங்களுக்குப் பிறகும் அவர்களில் பலர் தம் கட்சிக்கு எதிராகவே ஓட்டளித்தார்கள் என்று லீ குவான் யூ 2000-ல் வெளியான தம் நினைவுக் குறிப்புகளில் எழுதியிருக்கிறார். தங்கள் வாழ்க்கை முறையையே சர்க்கார் அழித்துவிட்டது என்று அவர்கள் நினைத்தார்களாம்.

"நினைக்கத்தானே செய்வார்கள்?" என்றார் மாமியார். "கிராமத்து வீட்டை விற்றுவிட்டு உங்கள் மாமனாரோடு நான் பட்டணத்துக்கு வந்தபோது, மூன்று வருஷம் என் மாட்டுத் தொழுவம் கனவில் வந்தது."

கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை.

"அப்படியானால் அந்தத் திட்டம் தப்பு என்கிறாயா, அம்மா?" என்று என் மனைவி கேட்டாள்.

"தப்பு என்று எப்படிச் சொல்வேன்? அந்தத் தண்ணீரைத்தானே என் பேரன் குடிக்கப் போகிறான்!"

மாமியார் சொன்னது வெறும் பேச்சல்ல. சிங்கப்பூரில் 1963-ல் மழை பொய்த்து, மாதக் கணக்கில் தண்ணீருக்கு ரேஷன் வைத்தார்கள். பெண்கள் வாளியோடு வரிசையில் நின்றார்கள். மலேசியாவின் ஜொகூர் மாநிலத்திலிருந்து வரும் தண்ணீரை நம்பியே அந்த நாடு இருந்தது. அதற்கு இரண்டு ஒப்பந்தங்கள். 1961-ல் செய்து கொண்டது 2011-ல் முடிந்துவிட்டது. 1962-ல் செய்து கொண்டதற்கு ஆயுள் 2061 வரை. கெடு முடியும்போது கையேந்தி நிற்கக் கூடாது என்று அவர்கள் முன்கூட்டியே யோசித்தார்கள். கழிவுநீரைச் சுத்திகரித்து ‘நியூவாட்டர்’ என்ற பெயரில் 2003 முதல் வழங்குகிறார்கள். 2005-ல் கடல் நீரைக் குடிநீராக்கும் ஆலை வந்தது. 2008-ல் ஆறுகள் கடலில் சேரும் இடத்தில் மரினா அணைக்கட்டு எழுந்தது. நாட்டின் பரப்பில் ஆறில் ஒரு பங்கில் பெய்கிற மழை அந்த அணைக்குள் வந்து சேர்கிறது. நாற்றமெடுத்த ஆறு குடிநீர்த் தேக்கத்தின் ஒரு பகுதியாகிவிட்டது. எங்கோ ஓடிப் போயிருந்த நீர்நாய்கள் கூடக் குடும்பம் குடும்பமாகத் திரும்பி வந்து நகரத்துக்குள் மீன் பிடிக்கின்றன.

இதெல்லாம் சாத்தியமானதற்கு முக்கியமான காரணம் ஒன்று உண்டு. அங்கே மழைத் தண்ணீர் போகிற கால்வாய் வேறு. வீட்டுக் கழிவு போகிற குழாய் வேறு. ஒன்றோடொன்று கலக்க விடுவதில்லை.

சிங்கப்பூர் சின்ன நாடு. நகரமும் தேசமும் அங்கே ஒன்றே. நிலத்தில் பெரும் பகுதி சர்க்காருடையது. சர்க்கார் கையும் பலமான கை. அங்கே நடந்தது போலவே எல்லா ஊரிலும் நடக்கும் என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் மூன்று விஷயங்களுக்குச் சின்ன நாடு, பெரிய நாடு என்ற வித்தியாசம் கிடையாது. அழுக்கு எங்கே பிறக்கிறது என்று கண்டுபிடிப்பது, தேதி குறிப்பது, இடம் பெயர்கிறவனுக்கு முன்கூட்டியே இடம் பார்ப்பது. இந்த மூன்றாவதில் சிங்கப்பூரும் முழு மார்க் வாங்கவில்லை என்பதை அந்த வயதான பண்ணைக்காரர்கள் சொல்வார்கள்.

இவ்வளவு தூரம் நான் பேசி முடித்ததும் மாமியார் எழுந்தார். சமையலறைக்குப் போனார். ஒரு செம்பு தண்ணீரில் இரண்டு கரண்டி மஞ்சள் பொடியைக் கரைத்துப் பாத்திரம் கழுவும் தொட்டியில் ஊற்றினார். "வாருங்கள், மாப்பிள்ளை" என்று கொல்லைப் பக்கம் அழைத்துப் போனார்.

மதில் ஓரமாக மழைத் தண்ணீருக்கென்று ஒரு கால் ஓடுகிறது. இரண்டு நிமிஷத்தில் அதில் மஞ்சளாகத் தண்ணீர் வந்தது.

எனக்குப் பகீரென்றது. ஆறு வருஷத்துக்கு முன் சமையலறையைப் புதுப்பித்தபோது நடந்தது ஞாபகம் வந்தது. பாதாளச் சாக்கடைத் தொட்டி வரை குழாய் போட வேண்டுமென்று கொத்தனார் சொன்னார். செலவை மிச்சம் பிடிக்க எண்ணி, "கிட்டே இருக்கிற காலிலேயே விட்டுவிடப்பா" என்று சொன்னவன் நான்தான். அந்தக் கால் தெருக் கால்வாயில் சேருகிறது. தெருக் கால்வாய் கூவத்தில் சேருகிறது. கூவத்தைப் பற்றி இதே பகுதியில் நான் எவ்வளவு கோபமாக எழுதியிருக்கிறேன் என்பது நேயர்களுக்குத் தெரியும். அந்தக் கோபமான கட்டுரைகளை எழுதிய நாளெல்லாம் எங்கள் வீட்டு எச்சில் தண்ணீர் அங்கேதான் போய்க் கொண்டிருந்திருக்கிறது!

பிளம்பர் வந்து பார்த்தார். குழாயைச் சரியான இடத்துக்குக் கொண்டு போகலாம். ஆனால் நடுவில் நிற்கிற மல்லிகைக் கொடியைத் தோண்டி எடுத்தால்தான் வழி கிடைக்கும் என்றார். பன்னிரண்டு வருஷமாக என் மனைவி வளர்த்த கொடி. அவள் முகத்தைப் பார்த்தேன். வேண்டாமென்று சொல்லப் போகிறாள் என்றுதான் நினைத்தேன்.

"தோண்டட்டும்" என்றாள். "ஆனால் முதலில் என் மல்லிகைக்கு வெயில் படுகிற இடமாக ஒன்று பாருங்கள். அது அங்கே வேர் பிடித்த பிறகு கடப்பாரையை எடுக்கலாம்."

"தேதி?" என்றார் மாமியார்.

"பொங்கலுக்குள்" என்றேன்.

மாமியார் அதை நம்பினாரோ இல்லையோ, நாட்காட்டியில் பேனாவால் வட்டம் போட்டுவிட்டார். பொங்கல் கழிந்த பிறகு நேயர்கள் யாராவது எங்கள் தெருப் பக்கம் வந்தால், தாராளமாகக் கொல்லைப் பக்கம் வந்து பார்க்கலாம். வருகிறபோது மஞ்சள் பொடி கொண்டு வர வேண்டாம், வீட்டில் இருக்கிறது. அதை முதலில் உங்கள் வீட்டுத் தொட்டியில் ஒரு கரண்டி கரைத்து ஊற்றிப் பார்த்துவிட்டு வாருங்கள்.