அந்தப் பொருள் யாருடையது?

முதுகலை மாணவர்களுக்கு மணிமேகலையின் 'ஆதிரை பிச்சையிட்ட காதை'யை நடத்திக்கொண்டிருந்தேன். ஆண்டுதோறும் நடத்தும் பகுதி. சூதிலும் கணிகையிடத்தும் பொருளைத் தொலைத்த சாதுவன், பொருள் தேடிக் கடலேறுகிறான். கலம் கவிழ்கிறது. நாகர்கள் வாழும் மலைப்பக்கம் கரையொதுங்குகிறான். தன்னைத் தின்ன வந்தவர்களிடம் அவர்கள் மொழியிலேயே பேசி, அவர்களின் தலைவனுக்கு அறம் உரைக்கிறான். மனம் மாறிய தலைவன், இதுவரை கலம் கவிழ்ந்து வந்தவர்களை உண்டோம், அவர்களுடைய பொருள்கள் இவை, எடுத்துக்கொள் என்று நறுமண மரங்களையும் மெல்லிய ஆடைகளையும் செல்வக் குவியலையும் கொடுக்கிறான். சாதுவன் அவற்றோடு புகாருக்குத் திரும்பி, ஆதிரையுடன் வாழ்ந்து தானங்கள் செய்கிறான். அமுதசுரபியில் முதற்பிச்சையை மணிமேகலை பெறுவது இந்த ஆதிரையிடந்தான்.

பின்வரிசையிலிருந்து ஒரு மாணவி கேட்டாள்: "ஐயா, அந்தப் பொருளெல்லாம் செத்துப்போனவங்களோடதுதானே? அவங்க வீட்டுக்கு யாரும் திருப்பிக் கொடுக்கலையா?"

காப்பியத்தின் நோக்கம் அதுவன்று என்று சொல்லிக் கடந்துவிட்டேன். சொன்ன மறுகணமே அது பதிலாகாது என்று எனக்குத் தெரிந்தது. பாத்திரம் ஏந்தியவள், பிச்சையிடுபவளின் கற்பைக் கேட்டறிந்து சென்றாள். அவ்வீட்டுச் செல்வத்தின் வரலாற்றை அவள் கேட்கவில்லை. சாத்தனாரும் கேட்கவில்லை. இத்தனை ஆண்டுகளாக நானும் கேட்கவில்லை.

சமயங்கள் செல்வத்தைப் பற்றி என்ன சொல்லின என்று நம் கருத்தரங்குகளில் கட்டுரை வாசிப்போர், ஆண்டாண்டுக்காலமாக ஒரே வாய்பாட்டை ஒப்பித்துவருகின்றனர். பௌத்தம் செல்வத்தைத் துறக்கச் சொன்னது. கிறிஸ்தவம் ஏழைகளை வாழ்த்தியது. இதற்குமேல் செல்பவர்கள் மாக்ஸ் வேபரின் பெயரைச் சொல்லி, சீர்திருத்தக் கிறிஸ்தவம் முதலாளியத்துக்கு வழிவிட்டது என்று முடிப்பார்கள். இவ்வாய்பாடு பிழையானது மட்டுமன்று, வசதியானதும்கூட. செல்வம் நல்லதா கெட்டதா என்ற கேள்வியையே சுற்றிக்கொண்டிருந்தால், அது எங்கிருந்து வந்தது என்ற கேள்வியை எழுப்ப வேண்டியதில்லை அல்லவா?

முதலில் பிழையைப் பார்ப்போம். துறவிக்குப் பொன்னும் வெள்ளியும் தொடக்கூடாதவை என்று விதித்த அதே புத்தர், சிகாலோவாத சூத்திரத்தில் இல்லறத்தானுக்குக் கணக்கே போட்டுக் கொடுக்கிறார்: வருவாயை நான்கு பங்காக்கு, ஒன்றைத் துய்த்துக்கொள், இரண்டைத் தொழிலில் இடு, ஒன்றை இடர்க்காலத்துக்கு வை. கூடதந்த சூத்திரத்தில், வேள்வி செய்யப் புறப்படும் அரசனுக்குப் புரோகிதர் சொல்லும் அறிவுரை இது: நாட்டில் கொள்ளை மிகுந்திருக்கிறது, தண்டனையால் அது தீராது, உழவனுக்கு விதையும் வணிகனுக்கு முதலும் பணியாளனுக்கு ஊதியமும் கொடு. சக்கவத்தி சீகநாத சூத்திரமோ, வறியவர்க்குப் பொருள் வழங்காமையிலிருந்து வறுமையும், வறுமையிலிருந்து களவும், களவிலிருந்து கொலையும் பிறந்த வரலாற்றைச் சொல்கிறது. இதைச் 'செல்வத்தை வெறுத்த சமயம்' என்று எப்படிச் சொல்வது? வறுமையைப் புனிதப்படுத்தும் எதுவும் சமயமாக இருக்கத் தகுதியற்றது என்று அம்பேத்கர் 1950இல் எழுதியபோது, பௌத்தத்தில் அவர் கண்டது இந்தப் பக்கத்தைத்தான்.

கிறிஸ்தவமும் அவ்வாறே. ஊசிக்காதில் ஒட்டகம் நுழையும் உவமையை எல்லோரும் அறிவர். அதற்கு அலெக்சாந்திரியாவின் கிளமெந்து அன்றே ஒரு சமாதானம் எழுதிவிட்டார்: விட வேண்டியது பொருளை அன்று, பொருளின்மீதான பற்றை. அருமையான சமாதானம். பணக்காரர்கள் இன்றுவரை அதில் சாய்ந்து உறங்குகிறார்கள். ஆனால் அதே விவிலியத்தில் யாக்கோபின் நிருபமும் இருக்கிறது. செல்வரின் வயலை அறுத்தவர்களுக்குக் கொடுக்காமல் பிடித்துக்கொண்ட கூலியே எழுந்து கூக்குரலிடுகிறது என்கிறார் யாக்கோபு. அவர் பற்றைப் பற்றிப் பேசவில்லை. பாக்கியைப் பற்றிப் பேசுகிறார்.

இங்குதான் இரு சமயங்களும் தம் சிறந்த கணங்களில் ஒன்றையொன்று தொடுகின்றன. ஆயுதம், மனிதர், இறைச்சி, மது, நஞ்சு ஆகிய ஐந்தையும் விற்கக்கூடாத பொருள்களாகப் பௌத்தம் வைத்தது. இல்லறத்தானின் செல்வத்தைப் புகழும் இடங்களில், முயற்சியால், தோள்வலியால், வியர்வையால், அறவழியில் ஈட்டியது என்ற அடைமொழிகளோடுதான் புகழ்ந்தது. லூக்கா நற்செய்தியின் சகேயு ஆயக்காரர் தலைவன். அவன் வீட்டுக்கு இயேசு போகிறார். ஆஸ்தியில் பாதியை ஏழைகளுக்குத் தருகிறேன், யாரிடமாவது அநியாயமாய் வாங்கியிருந்தால் நாலத்தனையாகத் திருப்புகிறேன் என்கிறான் அவன். அதற்குப் பிறகே அவ்வீட்டுக்கு இரட்சிப்பு வந்ததாக அறிவிக்கப்படுகிறது. தேவாலயத்துக்கு அவன் எழுதிவைத்த தொகை எதுவும் கதையில் இல்லை. திருப்பிக் கொடுப்பதும் கொடையும் வெவ்வேறு என்பதை இக்கதைபோல் துலக்கமாகச் சொன்ன பிறிதொன்றை நான் அறியேன்.

யூதாஸ் எறிந்துவிட்டுப் போன முப்பது வெள்ளிக்காசுகளைக் காணிக்கைப் பெட்டியில் போடலாகாது, அது இரத்தக்கிரயம் என்று சொன்னவர்கள் யார்? இயேசுவைக் காட்டிக்கொடுக்க அக்காசை எண்ணிக் கொடுத்த அதே பிரதான ஆசாரியர்கள்! குற்றத்தைச் செய்யக் கூசாதவர்கள்கூட, அப்பணத்தைப் பெட்டியில் போடக் கூசினார்கள். பின்னர் வந்த நம் நிறுவனங்களில் பலவற்றுக்கு அந்தக் கூச்சமும் இல்லாமற் போயிற்று.

ஒரு சமயம் செல்வத்தைப் பற்றி என்ன போதிக்கிறது என்பதை அதன் நூல்களில் தேடாதீர்கள். அது எந்தக் காணிக்கையை மறுத்தது என்று கேளுங்கள்.

மறுத்த வரலாறுகள் உண்டு. மூன்றாம் நூற்றாண்டில் சிரியாவில் எழுந்த திதஸ்காலியா என்ற திருச்சபை ஒழுங்குநூல், அடிமைகளைக் கொடுமைப்படுத்துவோர், கள்ள எடை போடுவோர், வட்டிக்காரர் முதலானோரிடம் காணிக்கை வாங்கலாகாது என்று ஆயர்களுக்கு விதித்தது. அப்படி வாங்குவதைவிடப் பட்டினியால் சாவது மேல் என்றும் சொன்னது. பௌத்த விநயத்தில் பாத்திரத்தைக் கவிழ்த்தல் என்றொரு நடைமுறை உண்டு. சங்கத்துக்குத் தீங்கிழைத்த இல்லறத்தானிடம் பிச்சை ஏற்காதிருத்தல் அது. விதிப்படி அதன் காரணங்கள் சங்கத்தையே சுற்றியவை. செல்வத்தின் மூலத்தைப் பற்றியவை அல்ல. ஆயினும் பர்மாவின் துறவிகள் 1990இலும் மீண்டும் 2007இலும் இராணுவ ஆட்சியாளர்களுக்கு எதிராகப் பாத்திரங்களைக் கவிழ்த்தனர். பகோடாக்களைப் புதுக்கிப் புண்ணியம் தேடிய தளபதிகளுக்கு, உங்கள் சோறு வேண்டாம் என்ற சொல் தாங்கக்கூடியதாக இல்லை. 2007 செப்டம்பர் இறுதியில் மடங்களுக்குள் படைகள் புகுந்தன. ஒரு வெற்றுப் பாத்திரத்துக்கு அவ்வளவு வலிமை இருந்தது.

மறுக்காத வரலாறுகளே மிகுதி. கிறிஸ்தோபர் காட்ரிங்டன் 1710இல் இறந்தபோது, பார்படோசிலிருந்த தன் கரும்புத் தோட்டங்களை, அங்கிருந்த அடிமைகளோடு, இங்கிலாந்தின் நற்செய்திப் பரப்புச் சங்கத்துக்கு எழுதிவைத்தார். சங்கம் ஏற்றுக்கொண்டது. தொடக்க ஆண்டுகளில் அடிமைகளின் மார்பில் சங்கத்தின் பெயரையே சூட்டுக்கோலால் பொறித்தார்கள். 1830களில் அடிமைமுறை ஒழிந்தபோது, இழப்பீடு சங்கத்துக்குப் போயிற்று, அடிமைகளுக்கு அன்று. நாம் எஸ்.பி.ஜி. என்று அறிந்திருக்கும் சங்கம் இதுதான். 1841இல் கால்டுவெல் சேர்ந்ததும் இதில்தான். அவருடைய ஒப்பிலக்கணத்தை வணக்கத்தோடு பாடம் நடத்துபவன் நான், அவ்வணக்கம் குறையவில்லை. ஆனால் இடையன்குடிக்கும் பார்படோசுக்கும் இடையே ஒரே பேரேடு இருந்தது என்பதை அறியாதவனாக இனி நடிக்க இயலாது.

1844இல் ஸ்காட்லாந்தின் சுதந்திரத் திருச்சபை, அமெரிக்காவில் அடிமைகளை வைத்திருந்தோரிடமிருந்தும் நிதி திரட்டியது. ஏறத்தாழ 3,000 பவுன். அடிமைநிலையிலிருந்து தப்பிவந்த பிரெடெரிக் டக்ளஸ் 1846இல் ஸ்காட்லாந்து முழுவதும் சென்று, பணத்தைத் திருப்பி அனுப்புங்கள் என்று முழங்கினார். திருப்பவில்லை. 1905இல் ராக்பெல்லரின் 1,00,000 டாலர் நன்கொடையைக் கறைபடிந்த பணம் என்று எதிர்த்தார் வாஷிங்டன் கிளாடன் என்ற அமெரிக்கப் போதகர். விவாதத்தின் நடுவே வெளிவந்த செய்தி என்ன தெரியுமா? அப்பணம் தானாக வரவில்லை. மிஷன் அமைப்பே கேட்டு வாங்கியது. இங்கிலாந்துத் திருச்சபையின் சொத்துப் பொறுப்பாளர்கள், தம் பழைய நிதியொன்று அடிமை வணிகம் செய்த தென்கடல் நிறுவனத்தில் முதலிடப்பட்டிருந்ததை ஆராய்ந்து ஒப்புக்கொண்டு, 10 கோடி பவுன் ஒதுக்குவதாக அறிவித்தது 2023 ஜனவரியில். சகேயு ஒரே நாளில் செய்ததற்கு இவர்களுக்கு இருநூறு ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று.

பௌத்தர்கள் புன்னகைக்க வேண்டாம். தாய்லாந்தின் தம்மகாய விகாரையை 2017இல் காவலர்கள் முற்றுகையிட்டது, கூட்டுறவுக் கடன் சங்கமொன்றிலிருந்து சுருட்டிய பணம் நன்கொடையாக அங்கே போயிற்று என்ற வழக்கில்தான். சங்கத்தில் சேமித்தவர்கள் எளிய மக்கள். புண்ணியம் கொடுத்தவருக்கு; இழப்பு சேமித்தவர்களுக்கு.

இதில் வேடிக்கை ஒன்றுண்டு. மீட்பைப் பற்றிய கொள்கையில் இவ்விரு சமயங்களும் எதிரெதிர்த் துருவங்கள். ஒன்றில் மீட்பு இறைவனின் அருள். மற்றதில் அவரவர் முயற்சி. ஆனால் இரண்டிலும் அது விலைக்குரியதன்று. அருளை வாங்க இயலாது, ஏனெனில் அது இலவசம். நிர்வாணத்தை வாங்க இயலாது, ஏனெனில் அதை விற்க எவரிடமும் இருப்பு இல்லை. இருந்தும் இரண்டும் விற்பனைக்கு வந்தன. 1517இல் லூத்தர் எதிர்த்த பாவமன்னிப்புச் சீட்டை நாம் சிரித்துக்கொண்டே படிக்கிறோம். கல்வெட்டில் பெயர் பொறித்துக் கொடுப்பது மட்டும் வேறென்ன?

இதற்கு மறுப்பு எழும் என்று அறிவேன். பசித்தவன் வயிற்றுக்குச் சோற்றின் பூர்வீகம் தெரியுமா? கெட்ட பணமாயினும் நல்ல செயலுக்குப் பயன்படட்டுமே? இக்கேள்வியை நான் எளிதாகத் தள்ளவில்லை. பசித்தவன் எவர் கையிலிருந்தும் உண்ணலாம். அவனை எவரும் விசாரிக்க வேண்டியதில்லை. நான் விசாரிக்கச் சொல்வது இடையில் நின்று வாங்கும் நிறுவனத்தை. அது பணத்தை வாங்கும்போது பதிலுக்கு ஒன்றைக் கொடுக்கிறது: நற்பெயர். அந்த நற்பெயரை முதலீடாகக் கொண்டு கொடையாளர் மறுநாளும் அதே தொழிலைச் செய்கிறார். ஒரு பசியைத் தணித்த பணம் பத்துப் பசிகளை உண்டாக்கப் புறப்படுகிறது. திருப்பிக் கொடுக்க வேண்டியவர்கள் உயிரோடு இருக்கையில் தானம் செய்வது, அவர்களிடம் இரண்டாம் முறை திருடுவதற்கு ஒப்பாகும்.

இவ்வளவு எழுதிவிட்டு என்னை மட்டும் விட்டுவிட்டால் நான் நேர்மையற்றவன். சில ஆண்டுகளுக்கு முன் நாங்கள் நடத்திய கருத்தரங்குக்கு, உணவுச் செலவு முழுவதையும் ஒருவர் ஏற்றார். கந்துவட்டித் தொழில் செய்பவர். என் மாணவர்களில் சிலருடைய பெற்றோர் அவரிடம் கடன்பட்டவர்கள் என்பது எனக்குத் தெரியும். மேடையில் அவருக்குப் பொன்னாடை போர்த்தி, அவரை 'எங்கள் ஆபுத்திரன்' என்று பாராட்டிப் பேசியவன் நான். அரங்கு கைதட்டியது. அந்தப் பிள்ளைகளும் அரங்கில் இருந்தார்கள். அன்று மதியம் அவர்கள் உண்டது தம் பெற்றோர் கட்டிய வட்டியில் சமைத்த சோறு. அதற்கு அவர்கள் நன்றி சொல்ல வேண்டும் என்று எதிர்பார்த்ததும் நான்தான்.

அம்மாணவிக்கு நான் சொல்லியிருக்க வேண்டிய பதில் எளியது: இல்லையம்மா, திருப்பிக் கொடுக்கவில்லை. கடலில் இறந்த அவ்வணிகர்களின் வீடுகள் எங்கிருந்தன என்று சாதுவன் தேடியதாகக் காப்பியத்தில் ஒரு சொல்லும் இல்லை. அடுத்த முறை இக்காதையை நடத்தும்போது, எவரும் கேட்பதற்கு முன் நானே அதைச் சொல்லப்போகிறேன். அதன்பின் அமுதசுரபிக்குப் போகலாம்.